ஷாட் அடிப்பவர்கள் அளவைப் பற்றியும் பேச வேண்டும்

சின்ன கிளாஸில் ஊற்றி ஒரே மடக்கில் விழுங்கும் விஸ்கி ஷாட் பற்றிப் பேச்சு வந்தாலே எப்படி விழுங்குவது என்றுதான் எல்லோரும் பேசுகிறார்கள். எவ்வளவு ஊற்றுவது என்று யாரும் கேட்பதில்லை. ஆனால் அந்த வழக்கமே அளவின் மேல்தான் நிற்கிறது.

பிரிட்டனில் மதுக்கூடங்கள் விஸ்கியை 25 மி.லி. அல்லது 35 மி.லி., இல்லையென்றால் அவற்றின் மடங்குகளில்தான் விற்கலாம். அது சட்டம். அமெரிக்காவில் நாடு முழுமைக்கும் ஒரே அளவு கிடையாது. வழக்கத்தில் ஒன்றரை அவுன்ஸ், ஏறக்குறைய 44 மி.லி. ஜப்பானில் சிங்கிள், அதாவது ஒரு அளவு, என்றால் 30 மி.லி. நம் ஸ்மால் பெக்கும் 30 மி.லி.தான்.

கணக்கைப் பாருங்கள். 40 சதவீத விஸ்கி 25 மி.லி. குடித்தால் உள்ளே போகும் ஆல்கஹால் 10 மி.லி., எடையில் 8 கிராம். சராசரி கல்லீரல் ஒரு மணி நேரத்தில் சமாளிப்பது கிட்டத்தட்ட அவ்வளவுதான். நம் ஊர்ச் சரக்கு 42.8 சதவீதம். ஒரு குவார்ட்டரை இரண்டு பேர் கட்டிங் போட்டு, ஆளுக்கு 90 மி.லி.யை ராவாக ஒரே மடக்கில் இறக்கினால், அது பிரிட்டிஷ் கணக்கில் ஏறத்தாழ நான்கு ஷாட். நாலு மணி நேர வேலையை நாலு நொடியில் கல்லீரலின் தலையில் கட்டுகிறோம். இதற்கு ஷாட் என்று பெயர் வைப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

ஷாட்டின் அர்த்தம் சேர்ந்து குடிப்பதில் இருக்கிறது. ஸ்காட்லாந்தில் குவேக் என்று இரண்டு கைப்பிடி வைத்த சின்னக் கிண்ணம் உண்டு. கொடுப்பவரும் இரண்டு கையால் கொடுப்பார், வாங்குபவரும் இரண்டு கையால் வாங்குவார். ஆயுதம் எடுக்க ஒரு கையும் மிச்சமில்லை, ஆகவே நம்பிக்கையின் அடையாளம் என்று விளக்கம் சொல்வார்கள். இன்றும் திருமணங்களில் மணமக்கள் அதில் பகிர்ந்து குடிக்கிறார்கள். கொரியாவில் பெரியவர் ஊற்றும்போது இளையவர் இரு கையால் கோப்பையை ஏந்தி, முகத்தைப் பக்கவாட்டில் திருப்பிக்கொண்டு குடிப்பார். அமெரிக்க பார்களில் குடிக்கும் முன் கிளாஸை மேடையில் ஒரு தட்டு தட்டுவார்கள்; இங்கே இல்லாத நண்பர்களுக்காக என்று ஒரு சாரார் சொல்கிறார்கள், கடைக்கு மரியாதை என்று இன்னொரு சாரார். நம் ஊரிலும் விரலை நனைத்து இரண்டு சொட்டு தெறித்துவிட்டுத் தொடங்குபவர்கள் உண்டு. இவற்றில் எதிலும் போட்டி இல்லை என்பதைக் கவனியுங்கள்.

இனி செய்முறை. ஷாட் கிளாஸைக் கண்ணால் நம்பாதீர்கள். அடி தடித்த கிளாஸ் பார்க்கப் பெரிதாக இருக்கும், கொள்வது குறைவு. சிலவற்றில் 60 மி.லி. பிடிக்கும். ஒருமுறை தண்ணீரை ஊற்றி அளந்து வைத்துக்கொண்டால் போதும். விளிம்பு வரை நிரப்ப வேண்டாம், கை நடுங்கினால் பாதி சட்டையில்தான். அரை மணி முன்பே சாப்பிட்டிருக்க வேண்டும், வெறும் மிக்சர் கணக்கில் வராது. மூச்சை வெளியே விட்டு, விழுங்கி, மறுபடி வாய் வழியாக மூச்சை விடுங்கள். விழுங்கியவுடன் மூச்சை உள்ளே இழுத்தால் ஆவி தொண்டையில் ஏறி இருமல் பிடுங்கும். அந்த எரிச்சல் விஸ்கியின் சூடு இல்லை. சூட்டையும் மிளகாய்க் காரத்தையும் உணரும் நரம்பு ஏற்பி சாதாரணமாக 42 டிகிரிக்கு மேல்தான் விழிக்கும். ஆல்கஹால் பட்டால் 34 டிகிரியிலேயே விழித்துவிடும். நம் உடம்புச் சூடே நமக்கு எரிகிறது.

எரிச்சலைத் தவிர்க்க பாட்டிலை ஃப்ரீசரில் வைப்பவர்கள் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். சில்லென்று வழுக்கி இறங்கும். எச்சரிக்கை மணி மட்டும்தான் நின்றிருக்கும், ஆல்கஹால் அப்படியே இருக்கும். ஏறியது முழுதாகத் தெரிய அரை மணிக்கு மேலும் ஆகலாம். "இன்னும் ஒன்னும் ஏறல மச்சான்" என்று பத்து நிமிடத்தில் அடுத்ததை ஊற்றுவதுதான் பல விபத்துகளின் தொடக்கம். ஒரு ஷாட், பிறகு ஒரு பெரிய கிளாஸ் தண்ணீர், பிறகு ஒரு மணி நேரம். அதோடு நிறுத்தினால் இன்னும் நல்லது. தூக்க மாத்திரை எடுப்பவர்களும் வண்டி ஓட்ட வேண்டியவர்களும் அந்த ஒன்றைக்கூடத் தொடக் கூடாது.

பன்னிரண்டு வருடம் ஓக் பீப்பாயில் கிடந்த சிங்கிள் மால்ட்டை, அதாவது ஒரே வடிசாலையில் முளைகட்டிய பார்லியில் செய்த விஸ்கியை, மடக்கென்று விழுங்குவது அநியாயம். அதன் சுவையில் பெரும்பங்கு மூக்கில் இருக்கிறது, அதை ஷாட் தொடுவதே இல்லை. ஷாட்டுக்குப் பல விஸ்கிகளைக் கலந்து செய்த சாதாரண பிளெண்டட் போதும்.

குடிக்காதவரின் கிளாஸில் தண்ணீரை ஊற்றி அவரையும் சியர்ஸில் சேர்த்துக்கொள்ளுங்கள். "எனக்காக ஒன்னே ஒன்னு" என்று கெஞ்சுவதும் கட்டாயப்படுத்துவதுதான். யாராவது மயங்கி, எழுப்பியும் எழவில்லை என்றால் தூங்கட்டும் என்று விட்டுவிடாதீர்கள். மோர், காபி, குளிர்ந்த தண்ணீரில் குளியல் எதுவும் உதவாது. விரல் விட்டு வாந்தி எடுக்க வைக்கவும் கூடாது. ஒருக்களித்துப் படுக்க வைத்து, 108-ஐ அழைத்து, வண்டி வரும்வரை ஒருவர் மூச்சைப் பார்த்தபடி பக்கத்திலேயே இருக்க வேண்டும்.