கம்பிலும் கேழ்வரகிலும் மாவுச்சத்து இருக்கிறது

ஒரு நண்பர், "சிறுதானியத்தில் மாவுச்சத்தே கிடையாது, சர்க்கரை நோயாளிகள் வயிறு முட்டச் சாப்பிடலாம்" என்று எழுதியிருக்கிறார். நானும் சிறுதானியக் கட்சிதான், வாரத்தில் பாதி நாள் எங்கள் வீட்டில் கம்பங்கூழ். ஆனாலும் இது தவறு.

ஐதராபாத்தில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2017இல் வெளியிட்ட அட்டவணைப்படி, 100 கிராம் கம்பில் சுமார் 62 கிராம், கேழ்வரகில் 67 கிராம் மாவுச்சத்து இருக்கிறது. வெள்ளை அரிசியில் 78. பெரிய வித்தியாசம் நார்ச்சத்தில்தான்: அரிசியில் 3 கிராம்கூட இல்லை, இவை இரண்டிலும் 11 கிராமுக்கு மேல். சர்க்கரை மெதுவாக ஏற அது உதவும். ஏறவே ஏறாது என்பதில்லை.

அதிலும் கேழ்வரகை நைசாக அரைத்துக் கஞ்சி காய்ச்சினால் சீக்கிரம் செரித்து, சர்க்கரையும் வேகமாக ஏறும். கடையில் பளபளவென்று வெள்ளையாக விற்கும் சாமை, வரகு பெரும்பாலும் தவிடு நீக்கித் தீட்டியவை. நார்ச்சத்தில் கணிசமான பங்கு அங்கேயே போய்விடும். சற்று மங்கலாக, தவிட்டோடு இருப்பதைக் கேட்டு வாங்குங்கள். எண்ணெய்ப் பசை இருப்பதால் சீக்கிரம் சிக்கு வாடை அடிக்கும், கொஞ்சமாக வாங்கினால் போதும்.

சிறுதானியத்தை ஆதரிக்க இந்தப் பொய் தேவையே இல்லை. நெல்லுக்கு வேண்டிய தண்ணீரில் ஒரு சிறு பங்குதான் கம்புக்கு வேண்டும், மானாவாரியிலேயே விளையும். கேழ்வரகில் 100 கிராமுக்கு 350 மில்லிகிராம் அளவுக்குச் சுண்ணாம்புச்சத்து இருக்கிறது, அரிசியில் 10ஐ ஒட்டித்தான். அப்புறம், சர்க்கரை நோய்க்கு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் சிறுதானியம் எவ்வளவு சாப்பிடலாம் என்று மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.