கைதட்டல் திரும்பக் கிடைத்த கிழவர்

'ஐ லவ் லூசி' என்ற பழைய அமெரிக்க டி.வி. காமெடித் தொடரைப் பார்த்தவர்களுக்கு, அதில் வரும் ஃப்ரெட் மெர்ட்ஸை மறக்க முடியாது. வழுக்கைத் தலை, வயிற்றுக்கு மேலே ஏற்றிப் போட்ட பேன்ட், கஞ்சத்தனம், எந்நேரமும் சிடுசிடுப்பு. அந்த வேஷத்தில் நடித்த வில்லியம் ஃப்ராலியைப் பற்றி யாராவது "அந்த மனுஷனே நிஜத்தில் அப்படித்தான், இதில் நடிப்பு எங்கே இருக்கிறது" என்றால் எனக்குக் கோபம் வரும்.

1887இல் அயோவா மாநிலத்து பர்லிங்டனில் பிறந்தவர். கொஞ்ச காலம் ரயில்வேயில் ஸ்டெனோ வேலை. அதை விட்டுவிட்டு வாடவில் மேடைக்குப் போனார். ஒரே டிக்கெட்டில் பாட்டு, நாய் வித்தை, மேஜிக், ஜோக் என்று பல ஐட்டங்கள் வரும் மேடை அது. ஒருவருக்குக் கிடைப்பது சில நிமிடங்கள்தான். முன்னால் நாய் குட்டிக்கரணம் அடித்துவிட்டுப் போயிருக்கும். அதே கூட்டத்தை நீங்கள் சிரிக்க வைக்க வேண்டும். 1914இல் எட்னா லூயிஸைக் கல்யாணம் செய்துகொண்டு, இருவருமாக 'ஃப்ராலி அண்ட் லூயிஸ்' என்று ஊர் ஊராகப் போனார்கள். அந்தக் கல்யாணம் நிலைக்கவில்லை. வாடவிலும் நிலைக்கவில்லை; பேசும் படமும் ரேடியோவும் வந்து அதை முடித்துவிட்டன.

அப்புறம் நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடை. 1933இல் பாரமவுண்ட் சினிமா கம்பெனியோடு ஒப்பந்தம். போலீஸ், பத்திரிகைக்காரர், மேனேஜர் என்று வரிசையாகச் சின்ன வேஷங்கள். படம் பார்த்தவர்களுக்கு முகம் தெரியும், பெயர் தெரியாது.

1947இல் வந்த 'மிராக்கிள் ஆன் தேர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்' படத்தில் ஒரு காட்சியைப் பாருங்கள். கிறிஸ்துமஸ் தாத்தா நிஜமா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டிய நீதிபதிக்கு அடுத்து தேர்தல் வருகிறது. ஃப்ராலி அவருடைய அரசியல் ஆலோசகர். தாத்தா இல்லையென்று சொன்னால் பொம்மை கம்பெனிகள், தொழிற்சங்கங்கள், கடைக்காரர்கள் என்று யார் யார் ஓட்டெல்லாம் போகும் என்று அடுக்கிக்கொண்டே போவார். மிஞ்சுவது இரண்டே ஓட்டு: உங்களுடையது, அந்த அரசு வக்கீலுடையது என்பார். வக்கீல் ரிபப்ளிகன், அதாவது எதிர்க்கட்சிக்காரர், என்று நீதிபதி சோகமாகச் சொல்வார். அந்த ஒரு வரி வெடிப்பதற்கு, அதுவரை மூச்சு விடாமல் ஃப்ராலி ஏற்றிவைத்த வேகம்தான் காரணம். வாடவில் கற்றுக்கொடுத்த வித்தை இது.

1951இல் அவருக்கு 64 வயது. வாய்ப்பு குறைந்துவிட்டது. 'லூசி'யில் வேஷம் கேட்டு அவரே போன் செய்தார். குடிகாரர், வேண்டாம் என்று தொடரை ஒளிபரப்பும் சி.பி.எஸ். டி.வி. தயங்கியது. தொடரைத் தயாரித்து, லூசியின் கணவராகவும் நடித்த டெசி ஆர்னாஸ் கறாராக நிபந்தனை போட்டுச் சேர்த்துக்கொண்டார். அந்தத் தொடரைப் பார்வையாளர்களை எதிரே உட்காரவைத்துப் படம்பிடித்தார்கள். இத்தனை வருஷம் கேமரா முன்னால் தனியாக நின்றவருக்குச் சிரிப்புச் சத்தம் மறுபடி காதில் விழுந்தது. ஃப்ரெட்டும் கதைப்படி பழைய வாடவில்காரர்தான்! 1954இல் ஃப்ரெட்டின் பழைய மேடைக் கூட்டாளி வரும் ஒரு எபிசோடே உண்டு.

நல்ல மனுஷரா? அது வேறு கேள்வி. ஃப்ரெட்டின் மனைவியாக நடித்த விவியன் வான்ஸ் அவரைவிட 22 வயது இளையவர். இந்தக் கிழவருக்கு நான் மனைவியா என்று அவர் வருத்தப்பட்டது இவர் காதுக்கு எட்டி, கடைசிவரை பகை. வான்ஸின் வருத்தத்தில் நியாயம் இருந்தது என்றுதான் சொல்வேன். வான்ஸுக்கு டி.வி. நடிப்புக்கான எம்மி விருது கிடைத்தது. ஃப்ராலியை ஐந்து முறை பரிந்துரைத்தும் ஒரு முறைகூடக் கொடுக்கவில்லை.

அடுத்து 'மை த்ரீ சன்ஸ்' என்ற டி.வி. தொடர். அங்கே எதிரே பார்வையாளர்கள் கிடையாது. ஹீரோ ஃப்ரெட் மக்மரேயின் கால்ஷீட்டுக்காகக் காட்சிகளைத் துண்டு துண்டாக, முன்னும் பின்னுமாக எடுத்தார்கள். ஃப்ராலிக்கு அது பிடிக்கவே இல்லை. மேடையில் வளர்ந்தவருக்கு எப்படிப் பிடிக்கும்? உடல்நிலை மோசமாகி நடிக்கத் தேவையான இன்ஷூரன்ஸ் கிடைக்காமல் 1965இல் வெளியேற வேண்டியதாயிற்று. அவர் இடத்துக்கு வந்த வில்லியம் டெமரெஸ்டும் வாடவில்காரர்தான். அடுத்த வருஷம் மார்ச்சில், 79 வயதில், ஹாலிவுட் பொலிவார்டில் நடந்து போகும்போது மாரடைப்பில் ஃப்ராலி இறந்துபோனார்.

'லூசி' மறுபடி பார்த்தால், லூசியாக நடித்த லூசில் பால் பேசும்போது பின்னால் நிற்கும் ஃப்ராலியைக் கவனியுங்கள். கூட்டம் சிரித்து முடிக்கும்வரை வாயே திறக்க மாட்டார்.