வேட்டிஸ் வேரிங்: ஒரு விசாரணை நீதிபதியைக் குறித்து

அமெரிக்கப் பள்ளிகளில் நிறப்பிரிவினை சட்டவிரோதமானது என்ற 1954ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பைப் பலரும் அறிவார்கள். அதற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன்பே அதே முடிவை எழுதிவைத்தவர், தென் கரோலைனாவின் சார்ல்ஸ்டன் நகரில் கூட்டாட்சி விசாரணை நீதிமன்றத்தின் நீதிபதியாக இருந்த ஜூலியஸ் வேட்டிஸ் வேரிங். தன் கண்ணெதிரே நீதி தோற்றுப்போன ஒரு வழக்குதான் அவரை அந்த முடிவுக்குக் கொண்டுவந்து சேர்த்தது என்பது என் உறுதியான எண்ணம்.

அடிமை முறைக்காகப் போரிட்ட தென்மாநிலப் படையின் வீரர் ஒருவருக்கு மகனாக 1880இல் பிறந்த வேரிங், ஊரின் பழைய வெள்ளையர் குடும்பங்களோடு ஒட்டி வாழ்ந்தவர். 1942இல் அதிபர் ரூஸ்வெல்ட் அவரை நியமித்தபோது வயது 61. அவரிடமிருந்து யாரும் மாற்றத்தை எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

1946 பிப்ரவரியில், இராணுவத்திலிருந்து விடுவிக்கப்பட்டுச் சீருடையோடு பேருந்தில் வீடு திரும்பிக்கொண்டிருந்த ஐசக் உடார்ட் என்ற கறுப்பின சார்ஜென்ட்டை, பேட்ஸ்பர்க் ஊரின் காவல்துறைத் தலைவர் லின்வுட் ஷல் தடியால் அடித்து இரண்டு கண்களையும் குருடாக்கினார். நவம்பரில் வழக்கு வேரிங்கிடம் வந்தது. அரசு வழக்கறிஞர் அக்கறையின்றி வழக்கை நடத்தியதை அவர் மேடையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தார். வெள்ளையர் மட்டுமே இருந்த ஜூரி உடனடியாக முடிவோடு திரும்பிவிடக் கூடாது என்பதற்காகவே வேரிங் நடந்துவிட்டு வருவதாகச் சொல்லி வெளியே சென்றார். அப்படியும் அரை மணி நேரத்துக்குள் ஷல் விடுதலையானார். பார்க்க வந்திருந்த நீதிபதியின் மனைவி எலிசபெத் அழுதுகொண்டே வெளியேறினார்.

மறு ஆண்டே, ஜனநாயகக் கட்சி தன் வேட்பாளர்களைத் தேர்ந்தெடுக்க நடத்தும் உள்தேர்தலில் கறுப்பின மக்கள் வாக்களிக்கத் தடையில்லை என்று வேரிங் தீர்ப்பளித்தார். பிறகு வந்தது கிளாரண்டன் மாவட்டப் பெற்றோரின் வழக்கு. பிள்ளைகளுக்கு ஒரு பள்ளிப் பேருந்து கேட்டதில் தொடங்கிய அந்தப் போராட்டம், சமமான வசதிகளைக் கோரும் வழக்காக 1950இல் அவர்முன் நின்றது. பிரிவினையையே நேரடியாக எதிர்த்து வழக்கிடுமாறு பெற்றோரின் வழக்கறிஞர் தர்குட் மார்ஷலை அவர் தூண்டினார். அப்படிச் செய்தால் மூன்று நீதிபதிகள் அமர வேண்டும். அதில் வேரிங்கின் கருத்து தோற்பது அநேகமாக உறுதி. ஆனால் மேல்முறையீடு நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போகும். ஒரு நீதிபதி ஒரு தரப்புக்கு வழிகாட்டலாமா என்ற கேள்வி என்னை உறுத்தாமல் இல்லை. நடுநிலை என்ற பெயரில் நடந்ததை உடார்ட் வழக்கில் பார்த்தவர் அவர் என்பதால், என்னால் அவரைக் குறைசொல்ல முடியவில்லை. 1951இல் இருவருக்கு ஒருவராக நின்று எழுதிய மாறுபட்ட தீர்ப்பில், பிரித்துவைப்பதே சமத்துவமின்மை என்று அவர் எழுதினார்.

ஊர் அவரை ஒதுக்கியது. வீட்டின் மீது கல் எறிந்தார்கள். ஆயுட்காலப் பதவி என்ற ஒரு பாதுகாப்பு இல்லையென்றால் அவரை அன்றே அகற்றியிருப்பார்கள். அரசியல் சாசனத்தின் அந்த ஏற்பாட்டைக் குறைகூறுகிறவர்கள் இந்த மனிதரை நினைத்துப் பார்க்க வேண்டும். 1952இல் ஓய்வுபெற்று நியூயார்க் சென்றார். 1968இல் உடல் சார்ல்ஸ்டனுக்குத் திரும்பியபோது, அடக்கத்துக்கு வந்தவர்களில் பெரும்பாலோர் கறுப்பின மக்கள். 2015இல் அந்நகரின் நீதிமன்றக் கட்டடத்துக்கு அவர் பெயர் சூட்டப்பட்டது.

ஐசக் உடார்ட் 1992இல் இறக்கும்வரை பார்வையின்றியே வாழ்ந்தார். ஷல் அதற்குப் பின்னும் உயிரோடு இருந்தார். ஜூரி அளித்த அந்த விடுதலையை எதிர்த்து மேல்முறையீடு செய்யச் சட்டத்தில் வழியில்லை.