வாக்குத்தத்தம் பட்டா ஆகாது

நம் குழுவில் போட்ட அந்த இஸ்ரவேல் தேச வரைபடத்தை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். நைல் நதியிலிருந்து ஐபிராத்து (யூப்ரடீஸ்) நதி வரைக்கும் ஒரே நிறத்தைப் பூசி, கீழே ஆபிரகாமின் சந்ததிக்குத் தேசத்தை வாக்களிக்கும் ஆதியாகமம் 15:18 என்று போட்டு, "தேவன் எழுதிக் கொடுத்தாயிற்று, இனி பேச்சே இல்லை" என்றார்கள். எண்ணாகமம் 34-ஐ எடுத்து, அங்கே எல்லை வேறாக இருக்கிறதே என்று கேட்ட தம்பிக்கு அவிசுவாசி என்ற பட்டம் கட்டிக் குழுவை விட்டே நீக்கிவிட்டார்கள். இரண்டு நாளாக மனசு ஆறவில்லை.

தம்பி கேட்டதில் என்ன தப்பு? எண்ணாகமம் 34-இல் எல்லை தெளிவாக இருக்கிறது. உப்புக்கடலின் (சாக்கடலின்) தென்கோடியில் தொடங்கி, காதேஸ்பர்னேயாவுக்குத் தெற்காகச் சுற்றி, எகிப்தின் ஓடை வழியாக மத்தியதரைக் கடலுக்குப் போகிறது. வடக்கே ஆமாத்தின் வழி. கிழக்கே கின்னரேத் கடல் (கலிலேயாக் கடல்), பிறகு யோர்தான் நதி. ஐபிராத்து இதில் வரவே இல்லை. எபிரெயத்தில் ஆதியாகமம் சொல்வது "நஹர்", அதாவது நதி. எண்ணாகமம் சொல்வது "நஹல்", மழைக்காலத்தில் மட்டும் நீர் ஓடும் ஓடை. அது சீனாய்ப் பக்கத்து அல்-அரீஷ் ஓடை என்பதே பெரும்பாலோர் கருத்து. வரைபடம் போடுகிறவர்கள் இரண்டையும் நைல் என்று எடுத்துக்கொள்வதில்தான் கோடு பிசகுகிறது.

எல்லையை விடுங்கள். தேவன் கொடுத்த வாக்குத்தத்தம் பட்டா ஆகாது என்பதை வேதாகமத்து மனிதர்களே நடந்து காட்டியிருக்கிறார்கள்.

ஆதியாகமம் 12, 13, 15, 17 என நான்கு அதிகாரங்களில் வாக்குப் பெற்ற ஆபிரகாம், 23-ஆம் அதிகாரத்தில் மனைவி சாராளை அடக்கம் பண்ண இடமில்லாமல் அந்த ஊர்க்காரரான ஏத்தின் புத்திரர் முன் நிற்கிறார். "நான் உங்களிடத்தில் அந்நியனும் பரதேசியும்" என்கிறார். நிலத்துக்காரன் எப்பெரோன் சும்மாவே தருகிறேன் என்றும் வாங்கவில்லை. ஊர்வாசலில், எல்லோரும் கேட்க, 400 சேக்கல் (அந்தக் காலத்து எடை அளவு) வெள்ளியை நிறுத்துக் கொடுத்தார். நிலம், குகை, எல்லைக்குள் நின்ற மரங்கள் உட்பட எல்லாம் சொல்லி உறுதியானது. தாவீதும் அப்படியே. எபூசியனான அர்வனா இலவசமாகக் கொடுக்க வந்த களத்தையும் மாடுகளையும் 50 சேக்கல் கொடுத்தே வாங்கினார். எருசலேம் ஆலயம் எழும்பியது அந்தக் களத்தில்தான்.

எரேமியா 32-ஐ நம் பத்திரப்பதிவு தெரிந்தவர்கள் ஒருமுறை வாசியுங்கள். பாபிலோன் படை எருசலேமைச் சுற்றி நிற்கிறது. தீர்க்கதரிசி எரேமியா காவலில் இருக்கிறார். ஆனதோத் ஊரில் இருக்கும் நிலத்துக்கு அவர் கொடுத்தது 17 சேக்கல். கிரயப்பத்திரத்தில் கையெழுத்து, முத்திரை, சாட்சிகள், பிறகு தராசில் வெள்ளி. முத்திரையிட்டது ஒன்று, திறந்தது ஒன்று என இரண்டு பத்திரங்கள். இரண்டும் நெடுநாள் இருக்கும்படி மண்பாண்டத்துக்குள் போயின. வாக்கை நம்பிய மனுஷன்தான் பணம் கொடுத்துப் பத்திரமும் எழுதினார்!

"யோசுவா தேசத்தை வாளால் பிடிக்கவில்லையா?" என்று வருவீர்கள். யோசுவா 13:1-ஐயும் நியாயாதிபதிகள் 1-ஐயும் வாசியுங்கள். மெகிதோ, கேசேர், பெத்செயான் என்று ஊர் ஊராகத் துரத்தப்படாதவர்களின் பட்டியலே இருக்கிறது.

"யூதருக்கு அங்கே வரலாறே இல்லை என்கிறாயா?" இல்லவே இல்லை. சுமார் கி.மு. 1208-இன் எகிப்திய மன்னன் மெர்னெப்தாவின் கல்வெட்டிலேயே இஸ்ரவேல் என்ற பெயர் இருக்கிறது. வேர் இருப்பதை நான் மறுக்கவில்லை. அடுத்தவனுக்கு, பாலஸ்தீனனுக்கு, வேர் இல்லை என்பதைத்தான் மறுக்கிறேன். லேவியராகமம் 25:23 தேசம் கர்த்தருடையது, நீங்கள் புறக்குடிகள் என்கிறது. எசேக்கியேல் 47:22 அந்நியருக்கும் கோத்திரங்களோடு பங்கு கொடுக்கச் சொல்கிறது. அந்த வசனங்களுக்கு யாரும் வரைபடம் போடுவதில்லை.

ஆபிரகாம் காசு கொடுத்து வாங்கிய மக்பேலா குகை எப்ரோனில் இருக்கிறது. 1929-இல் அந்த ஊரில் 67 யூதர்களைக் கொன்றார்கள். 1994 பிப்ரவரி 25 அன்று அந்தக் குகையின் மேலிருக்கும் மசூதியில், தொழுகையில் இருந்த 29 பேரை யூதக் குடியேறி ஒருவன் சுட்டுக் கொன்றான். இப்போது ஒரே கட்டடம், ஒரு பக்கம் மசூதி, மறுபக்கம் ஜெப ஆலயம், நடுவே தடுப்பு. ஆபிரகாமை அங்கே அடக்கம் பண்ணியது யூதரின் மூதாதை ஈசாக்கும் அரபியரின் மூதாதை எனப்படும் இஸ்மவேலும் சேர்ந்து. ஆதியாகமம் 25:9. இதை நினைத்தால் எனக்குத் தொண்டை அடைக்கிறது, உங்களுக்கு எப்படி நிறம் பூச மனசு வருகிறது?

தம்பியைத் திரும்பக் குழுவில் சேருங்கள். அவன் கேட்ட எண்ணாகமம் 34-க்கு வசனத்தோடு பதில் சொல்லுங்கள்.