வைக்கோல் தெரு

பாரிஸ் போகிறவர்கள் நோத்ர தாம் தேவாலயத்தைப் பார்த்துவிட்டுப் பாலம் தாண்டி, சோர்போன் பல்கலைக்கழக வாசலில் நின்று படம் எடுத்துக்கொள்வார்கள். வழியில் ரூ து ஃபுவார் என்று ஒரு துண்டுத் தெரு. அங்கே யாரும் நிற்பதில்லை. என்னைக் கேட்டால் அதுதான் பழைய பல்கலைக்கழகம்.

ஃபுவார் என்றால் பழைய பிரெஞ்சில் வைக்கோல். 13ஆம் நூற்றாண்டில் பாரிஸ் பல்கலைக்கழகத்தின் கலைப் பீடத்துக்கென்று தனி வளாகம் ஏது? பிரெஞ்சு, நார்மன், பிக்கார்டி, ஆங்கிலம் என நான்கு அணிகளாக இருந்த ஆசிரியர்கள் இந்தச் சந்தின் வீடுகளில் கூடங்களைப் பிடித்துப் பாடம் நடத்தினார்கள். தரையில் வைக்கோல், அதன்மேல் பதினான்கு பதினைந்து வயதுப் பையன்கள்.

இதை எளிமை, பணிவு என்று மெச்சிப் பேசுவதை என்னால் ஏற்க முடியவில்லை. மாணவர்கள் பெஞ்சில் உட்காரக் கூடாது, தரைதான் என்று 1366இல் போப்பின் பிரதிநிதிகள் விதி போட்டார்கள். இளைஞர்களுக்குத் தலைக்கனம் ஏறிவிடக் கூடாதாம். 1452இல் மறுபடியும் அதே விதி. அப்படியென்றால் நடுவில் பையன்கள் பெஞ்சைக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள் என்றுதானே அர்த்தம்? அதற்கும் முன்னால், 1355இல் இன்னொன்று: ஆசிரியர் நிறுத்தி நிறுத்திச் சொல்லி எழுத வைக்கக் கூடாது, பேச்சு வேகத்தில் போக வேண்டும். எதிர்த்துக் கூச்சல் போட்டாலோ, சீழ்க்கை அடித்தாலோ, கல் எறிந்தாலோ தண்டனை. கல்லெறி வரை விதியில் எழுத வேண்டிவந்திருக்கிறது! எழுதிக்கொள்ள அவகாசம் கேட்ட அந்தப் பையன்கள் பக்கம்தான் நான்.

பிரபாந்த் நாட்டுத் தத்துவ ஆசிரியர் சிஜெர் அரிஸ்டாட்டிலைப் பாடம் சொன்னதும் இங்கேதான். 1277இல் பாரிஸ் ஆயர் தாம்பியே 219 கருத்துகளுக்குத் தடை போட்டார். சிஜெர் கற்பித்தவையும் அதில் அடக்கம். கடைசியில் அவர் இத்தாலியில், ஒர்வியெத்தோவில் செத்துப்போனார். ஆனால் இத்தாலியக் கவிஞர் தாந்தே 'தெய்வீக நகைச்சுவை' என்ற தன் காவியத்தில் அவரைச் சொர்க்கத்தில் வைத்தார். அதுவும் எப்படி? வாழ்ந்த காலத்தில் சிஜெரை எதிர்த்து எழுதிய இறையியலாளர் தாமஸ் அக்குவினாஸின் வாயாலேயே, 'வைக்கோல் தெருவில் பாடம் சொன்னவர்' என்று அறிமுகப்படுத்த வைத்தார். அந்த இடத்தை எத்தனை முறை படித்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

19ஆம் நூற்றாண்டின் கடைசியில் லக்ரான்ஜ் தெரு என்ற அகலச் சாலை போட்டபோது இந்தச் சந்தின் பெரும்பகுதி போய்விட்டது. பக்கத்திலேயே ஒரு தெருவுக்குத் தாந்தே பெயரை வைத்தார்கள். அவர் பாடியதோ வெட்டுப்பட்ட அந்தச் சந்தை.