சோபாவில் சரிந்து கிடக்கிற அந்த ஆள்

பூப்போட்ட சட்டை, சோபாவில் எலும்பே இல்லாததுபோல் சரிந்து கிடக்கும் உடம்பு, 'இனிமேல் என்னால் ஆகாது' என்கிற முகம். சீன மீம் எதையாவது பார்த்திருந்தால் இவரையும் பார்த்திருப்பீர்கள். பெயர் கே யோ, சீன நடிகர். 1993இல் வந்த ஒரு டிவி நகைச்சுவைத் தொடரில், அடுத்தவர் வீட்டுக்கு வந்து தின்றுவிட்டு நகர மாட்டேன் என்று உட்கார்ந்துகொள்ளும் ஓசிச்சோறு வேடம், அதுவும் இரண்டே எபிசோடு. இருபது வருஷத்துக்கு மேல் கழித்து, 2016இல், வேலை வேலை என்று ஓடிக் களைத்த சீன இளைஞர்கள் அந்தக் காட்சியைத் தோண்டி எடுத்து 'இதுதான் நான்' என்று பகிர ஆரம்பித்தார்கள். கேட்காமல் அந்தப் படத்தை விளம்பரத்தில் போட்ட கம்பெனிகள் மீது மனிதர் வழக்குப் போட்டு ஜெயித்தது தனிக்கதை. நல்லா வேணும்!

ஆனால் அவரைச் சோம்பேறித்தனத்தின் சின்னமாகவே வைத்துவிட்டார்களே என்பதுதான் என் ஆதங்கம்.

1957இல் பெய்ஜிங்கில் பிறந்தவர். அப்பா கே சுன்சுவாங்கும் நடிகர், வில்லன் வேடங்களுக்குப் பேர் போனவர். அப்பா சினிமாக்காரர் என்பதற்காகப் பையனுக்கு யாரும் கதவைத் திறந்துவிடவில்லை. மாவோ ஆட்சியின் கலாசாரப் புரட்சிக் காலத்து வழக்கப்படி கிராமத்துக்கு அனுப்பப்பட்டு அங்கே பன்றி மேய்த்தார். அப்புறம் நடிப்புத் தேர்வுகளில் வரிசையாக நிராகரிப்பு. கடைசியில் 1979இல் ஒரு தொழிற்சங்க நாடகக் குழுவின் தேர்வில் பன்றிக்குத் தீனி வைப்பதையே நடித்துக் காட்டி உள்ளே போய்விட்டார்.

1994இல் ஜாங் யிமோ இயக்கிய 'டு லிவ்' படத்துக்காக கான் விழாவில் சிறந்த நடிகர் விருது. சீன நடிகர் ஒருவருக்கு அது முதல் முறை. சொந்த நாட்டுத் தியேட்டர்களிலோ அந்தப் படத்துக்குத் தடை. அதில் அவர் ஒரு அப்பன்; பிரசவத்தில் மகள் சாகிறாள். கலாசாரப் புரட்சியில் கைதியாக்கப்பட்டிருந்த டாக்டரை எப்படியோ ஆஸ்பத்திரிக்குக் கூட்டி வந்து, பசியில் வாடியிருக்கிறாரே என்று மாவு உருண்டைகளை வாங்கிக் கொடுக்க, அவர் ஏழு உருண்டைகளையும் விழுங்கிவிட்டு அசைய முடியாமல் கிடக்கிறார். பிற்பாடு கல்லறையில் உட்கார்ந்து இந்த அப்பன், அத்தனை உருண்டை வாங்கிக் கொடுத்தது என் தப்பு என்கிறான். அரசாங்கத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அழுது தீர்க்க வேண்டிய இடத்தில், ஏதோ வீட்டுக் கணக்கில் பிழை விட்டவர்போல் சாதாரணமாகப் பேசுகிறார் கே யோ. எனக்கு இரண்டு நாள் மனசு சரியில்லை.

இப்படிப்பட்டவர் பிறகு இயக்குநர் ஃபெங் சியாவ்காங்கின் புத்தாண்டு நகைச்சுவைப் படங்களில் நடித்து வீணாகிவிட்டார் என்பார்கள் சிலர். எனக்கு அதில் உடன்பாடே கிடையாது. ரெண்டும் ஒரே வித்தைதான். நம்பாதவர்கள் 2010இல் வந்த 'லெட் த புல்லட்ஸ் ஃப்ளை' பாருங்கள் (பார்க்காதவர்கள் இத்தோடு நிறுத்திக்கொள்ளலாம்). படம் முழுக்கப் புளுகிக்கொண்டே வரும் கே யோவின் ஃபிராடு, சாகும்போது வெள்ளிக்காசுக் குவியலுக்குள் இடுப்புவரை புதைந்து கிடந்துகொண்டு, உன்னிடம் ரெண்டு விஷயம் சொல்லணும் என்று ஆரம்பிப்பான். சொல்லி முடிக்க மாட்டான். அதுவரை சிரித்துக்கொண்டிருந்த நான் எந்த நொடியில் நிறுத்தினேன் என்று எனக்கே பிடிபடவில்லை.