உணவு அமைச்சரைத் தோற்கடித்த அரிசி

காமராஜர் ஆட்சியைப் பற்றி ஆளாளுக்குப் பதிவு போடுகிறோம், ஆனால் அந்த ஆட்சியில் நிதியையும் கல்வியையும் கையில் வைத்திருந்த சி.சுப்பிரமணியத்தைப் பற்றி எழுத ஆள் இல்லை. பசுமைப் புரட்சி, பாரத ரத்னா, அதோடு சரி. என்னைக் கேட்டால் சி.எஸ். யாரென்று தெரிய 1954ஐப் பார்க்க வேண்டும்.

முதல்வர் பதவியிலிருந்து ராஜாஜி விலகியதும் காங்கிரஸ் சட்டமன்றக் கட்சித் தலைவர் பதவிக்குப் போட்டி. காமராஜருக்கு 93 ஓட்டு, ராஜாஜி தரப்பில் நின்ற சி.எஸ்.ஸுக்கு 41. இன்றைக்கென்றால் தோற்றவர் மறுநாளே தனி அணி கண்டிருப்பார். காமராஜர் எதிர்த்து நின்றவரையே மந்திரியாக்கினார், இவரும் மறுபேச்சில்லாமல் போய் உட்கார்ந்தார். பாதி நாள் பள்ளி, மீதி நேரம் குடும்பத் தொழில் என்று ராஜாஜி கொண்டுவந்த, குலக்கல்வி என்று ஊரே எதிர்த்த திட்டத்தைச் சட்டமன்றத்தில் நியாயப்படுத்திப் பேசியவர் இவர், அதே அவையில் கல்வி அமைச்சராக எழுந்து அந்தத் திட்டம் கைவிடப்படுகிறது என்று அறிவித்தவரும் இவர்தான். பச்சோந்தி என்பவர்கள் சொல்லிக்கொள்ளட்டும், அதற்கப்புறம் பள்ளிகள் பெருகியபோது அந்த இலாகாவில் இருந்து வேலை பார்த்தாரே, எனக்கு அது போதும்.

1962ல் பொள்ளாச்சியில் ஜெயித்து டெல்லி போனார். 1964ல் பிரதமர் சாஸ்திரி இவர் தலையில் உணவு, விவசாயத்தைக் கட்டினார். அமெரிக்காவிலிருந்து பி.எல்.480 என்ற உணவு உதவித் திட்டத்தில் கோதுமை கப்பலில் வந்தால்தான் ரேஷன் ஓடும் என்ற காலம், போதாக்குறைக்கு அடுத்தடுத்து இரண்டு வருடம் மழை பொய்த்தது. விவசாயிக்குக் கட்டுப்படியாகும் விலை கொடு, புது விதை கொடு, உரம் கொடு, விளைவான் என்றார் இவர். நிதி அமைச்சர் டி.டி.கிருஷ்ணமாச்சாரி ஒத்துக்கொள்ளவில்லை, இடதுசாரிகளும் எதிர்த்தார்கள். மனிதர் தன் டெல்லி பங்களாவின் புல்வெளியிலேயே புது ரகக் கோதுமையை விதைத்துக் காட்டினார். 1966ல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் விதைக் கோதுமை இறங்கியது.

அடுத்த வருடமே தேர்தல். கோபிசெட்டிபாளையத்தில் நின்றார், தோற்றார். ‘ரூபாய்க்கு மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம்’ என்று தி.மு.க. தெருத்தெருவாகப் போன தேர்தல் அது. நாட்டின் உணவு அமைச்சரே இங்கே வேட்பாளர், அரிசிக்கோ தட்டுப்பாடு, வேறென்ன நடக்கும்? மெக்சிகோ விதை பஞ்சாபில் விளைந்து என்ன பயன், கோபியில் உலை கொதிப்பது அரிசிக்குத்தானே. அதற்குமேல் இந்தி எதிர்ப்புக் கோபம். 1965 பிப்ரவரியில் இந்தித் திணிப்பை எதிர்த்து இவரும் ஓ.வி.அளகேசனும் மத்திய மந்திரி பதவியை ராஜினாமா செய்துவிட்டு, பிறகு திரும்பப் பெற்றார்கள். கடிதம் கொடுத்தது யாருக்கும் நினைவில்லை, திரும்பப் போனது எல்லோருக்கும் நினைவிருந்தது. அப்புறம் 1968 அறுவடையில் கோதுமை சுமார் 1.65 கோடி டன். அதற்கு முந்தைய உச்சமே 1.2 கோடிதான். ஆனால் அந்த அறுவடையின்போது இவர் மந்திரியும் இல்லை, எம்.பி.யும் இல்லை.

மக்கள் தப்பாக ஓட்டுப் போட்டார்கள் என்று நான் சொல்ல மாட்டேன். பசிக்கிறவனிடம் அடுத்த வருடம் விளையும் என்று சொல்லி ஓட்டு வாங்க முடியாது. ஆனால் ஐந்து வருடத்துக்குள் பலன் தெரியாத எந்த வேலையையும் இன்றைய மந்திரிகள் ஏன் தொடுவதில்லை என்று கேட்கிறோம் இல்லையா, இவருக்கு நடந்ததையும் சேர்த்து யோசித்துப் பாருங்கள்.

முழுக்கப் புகழவும் எனக்கு மனமில்லை. 1971ல் கிருஷ்ணகிரியில் ஜெயித்துத் திரும்பியவர், அவசர நிலைக் காலம் முழுக்க இந்திராவின் நிதி அமைச்சராக இருந்தார். மொழிக்காகப் பதவியைத் தூக்கிப் போடத் துணிந்த கை, எதிர்க்கட்சிக்காரர்கள் ஜெயிலில் கிடந்தபோது ஏன் ஒரு கடிதம் எழுதவில்லை? பசுமைப் புரட்சியால் பஞ்சாபில் நிலத்தடி நீர் போனதற்கு இவரைத் திட்டுகிறவர்கள் உண்டு, அதைக்கூட நான் பாதிதான் ஏற்பேன், பின்னால் வந்தவர்கள் நாற்பது ஐம்பது வருடம் என்ன செய்தார்களாம்? அவசர நிலைக்கு அப்படி எந்தச் சமாதானமும் எனக்குக் கிடைக்கவில்லை.

சரி, கோபி பக்கத்து நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். 67 தேர்தலைப் பார்த்த பெரியவர்கள் வீட்டில் இருந்தால் கேட்டு எழுதுங்களேன், சி.எஸ்.ஸை அங்கே தோற்கடித்தது அரிசியா, இந்தி எதிர்ப்புக் கோபமா?